அப்பீல் கேட்டவர், தீர்ப்பு சொன்னவர்

"ஏனுங்க, ஒரு மேட்ச் நின்னா எவ்வளவு தருவாங்க?"

கோவையில் லீக் ஆட்டங்களுக்கு அம்பயராகப் போகிறவன் என்று தெரிந்ததுமே எல்லோரும் என்னிடம் கேட்பது இதைத்தான். கல்யாண வீட்டில் ஒரம்பரை கேட்பார்கள். பேக்கரியில் டீ குடிக்கும்போது பக்கத்தில் நிற்பவர் கேட்பார். தொகையைச் சொன்னால் அடுத்ததும் தயாராக இருக்கும்: "அப்ப இது பொழப்புக்கு ஆகாதுங்களே?" ஆகாதுதான். நான் நூல் மில்லில் கணக்குப் பிரிவில் இருந்தவன். பிள்ளைகளைப் படிக்க வைத்தது மில் சம்பளம். ஞாயிற்றுக்கிழமை வெள்ளைச் சட்டையும் தொப்பியும் போட்டுக்கொண்டு வெயிலில் நின்றது ஆசைக்கு.

அம்பயர் வேலையையே முழுநேரப் பொழப்பாக ஆக்கிக்கொண்ட ஒரு தமிழர் இருந்தார் என்று சொன்னால் கேட்டவர்கள் கொஞ்சம் நிமிர்ந்து உட்காருவார்கள். 2002 ஏப்ரலில் சர்வதேச கிரிக்கெட் கவுன்சில் 'எலைட் பேனல்' என்று ஒன்றை அமைத்தது. அதில் எட்டே பேர். நாடு நாடாகப் போய் டெஸ்ட் ஆட்டங்களிலும் ஒருநாள் ஆட்டங்களிலும் நிற்பதுதான் உத்தியோகம், அதற்கு ஒப்பந்தம், அதற்குச் சம்பளம். ஸ்டீவ் பக்னர், டேவிட் ஷெப்பர்ட், ரூடி கோர்ட்சன், டாரில் ஹார்ப்பர், டேவிட் ஆர்ச்சர்ட், ரஸ்ஸல் டிஃபின், இலங்கையின் அசோகா டி சில்வா ஆகிய ஏழு பேரோடு சேர்ந்த எட்டாமவர் எஸ். வெங்கட்ராகவன். இந்தியாவிலிருந்து அவர் ஒருவர்தான். 1945 ஏப்ரல் 21-ல் சென்னையில் பிறந்தவர். அந்த மாதம்தான் 57 முடிந்தது. எங்கள் மில்லில் 58 ஆனால் மாலை போட்டு, ஒரு பையைக் கையில் கொடுத்து அனுப்பிவிடுவார்கள். அந்த வயதில் இவருக்குப் புது உத்தியோகம்.

வெங்கட்டை என் வயதுக்காரர்கள் ஸ்பின்னராக நினைவு வைத்திருக்கிறார்கள். நாற்பதைத் தாண்டியவர்களுக்கு அவர் டிவியில் பார்த்த அம்பயர். இருபது வயதுப் பையன்களிடம் பெயரைச் சொன்னால் வெங்கடேஷ் ஐயரா என்கிறார்கள். 57 டெஸ்டில் ஆடி, 73 டெஸ்டில் அம்பயராக நின்ற மனிதர். ஐம்பதுக்கு மேல் ஆடியும் ஐம்பதுக்கு மேல் நின்றும் இருப்பவர் உலகத்தில் இவர் ஒருவர்தான். என்னைக் கேட்டால், அவர் எடுத்த 156 டெஸ்ட் விக்கெட்டைவிட அந்த 73-தான் பெரிது. ஸ்பின்னர் ரசிகர்கள் சண்டைக்கு வரலாம். வரட்டும்.

ஆட்டக்காரராக அவர் தொடங்கியது பிரமாதமாகத்தான். கிண்டி பொறியியல் கல்லூரி மாணவர், வயது 19. 1965 பிப்ரவரி கடைசியில் சென்னை கார்ப்பரேஷன் ஸ்டேடியத்தில் நியூசிலாந்துக்கு எதிராக முதல் டெஸ்ட். அந்த வருஷங்களில் சென்னை டெஸ்ட் சேப்பாக்கத்தில் நடக்கவில்லை, சென்ட்ரலுக்குப் பின்னால் இருக்கும் அந்த ஸ்டேடியத்தில்தான் நடந்தது. அடுத்த மாதமே டெல்லியில் முதல் இன்னிங்ஸில் 72 ரன்னுக்கு 8 விக்கெட், இரண்டாவதில் 4. ஒரே டெஸ்டில் 12 விக்கெட், இந்தியா ஜெயித்தது, தொடரும் கைக்கு வந்தது. இருபது வயது முடியாத பையனுக்கு இது போதும். இனிமேல் பத்து வருஷத்துக்கு அணியில் இடம் உறுதி என்று யாரும் சொல்லியிருப்பார்கள்.

ஆனால் ஏரப்பள்ளி பிரசன்னா திரும்பி வந்தார். மைசூர்க்காரரான பிரசன்னாவும் ஆஃப் ஸ்பின்னர்தான். வலது கைக்காரருக்கு வெளியே குத்தி உள்ளே திரும்புகிற பந்து, அதே வகை. அவரும் பொறியியல் படித்தவர். 1962-ல் வெஸ்ட் இண்டீஸ் போய் வந்தபின், படிப்பை முடிக்கிறேன் என்று டெஸ்ட் கிரிக்கெட்டை விட்டுப் போய், 1967-ல் திரும்பியவர். (இன்றைக்கு எந்த அப்பா இதை ஒத்துக்கொள்வார், எந்த மகன் கேட்பான்?) பிரசன்னா பந்தைக் காற்றில் தூக்கிப் போட்டு ஏமாற்றுவார். வெங்கட் கொஞ்சம் தட்டையாக, ரன் கொடுக்காமல், ஒரே இடத்தில் குத்திக்கொண்டே இருப்பார். பேட்டிங் இவருக்கு ஒரு படி மேல், பீல்டிங் பல படி மேல். கல்லியிலும் ஸ்லிப்பிலும் பிடித்த கேட்சுகளோடு சேர்த்து டெஸ்டில் 44. ஆனாலும் ஒரே வேலைக்கு இரண்டு ஆள். மற்ற இரண்டு ஸ்பின்னர்களான பேடியும் சந்திரசேகரும் தத்தம் இடத்தில் நிலையாக இருக்க, மீதி ஒரு இடத்துக்கு இவரா அவரா என்று தேர்வாளர்கள் பன்னிரண்டு வருஷம் காசு சுண்டிக்கொண்டிருந்தார்கள். நால்வரும் சேர்ந்து ஆடிய டெஸ்ட் ஒன்றே ஒன்று, 1967-ல் இங்கிலாந்தின் எட்ஜ்பாஸ்டனில். அந்த மைதானத்தின் பெயரை மறந்துவிடாதீர்கள், பின்னால் வேண்டியிருக்கும்.

1971 அவருக்கு நல்ல வருஷம். வடேகர் கேப்டன், வெங்கட் துணைக் கேப்டன். வெஸ்ட் இண்டீஸில் கவாஸ்கர் புதுமுகமாக ரன்னைக் குவித்த அதே தொடரில் வெங்கட் 22 விக்கெட் எடுத்தார். அப்புறம் இங்கிலாந்திலும் ஜெயித்து, இரண்டு தொடர்களையும் அந்த நாடுகளில் முதன்முறையாகக் கைப்பற்றினார்கள். அந்த வருஷம் அர்ஜுனா விருது வந்தது.

அதன்பிறகு நடந்தது வேறு. 1974 டிசம்பரில் டெல்லி டெஸ்டில் கேப்டன் பட்டோடிக்குக் காயம், கவாஸ்கருக்கும் காயம். வெங்கட்டைக் கேப்டனாக்கினார்கள். வெஸ்ட் இண்டீஸில் விவியன் ரிச்சர்ட்ஸ் என்று ஒரு புதுப் பையன் 192 அடித்து அவுட்டாகாமல் நின்றார், இந்தியா இன்னிங்ஸ் தோல்வி. அடுத்த டெஸ்ட் கல்கத்தாவில். முந்தைய டெஸ்டின் கேப்டன் பன்னிரண்டாவது ஆளாகத் தண்ணீர் கொண்டு போனார். எங்கள் மில்லில் மேஸ்திரியை மறுநாளே ஹெல்ப்பராக்கினால் யூனியன் கதவை அடைத்துவிடும். கிரிக்கெட்டில் யூனியன் கிடையாது.

1975-லும் 1979-லும் உலகக் கோப்பைக்கு அவர்தான் கேப்டன். இரண்டு கோப்பையிலும் சேர்த்து ஜெயித்தது கிழக்கு ஆப்பிரிக்காவை மட்டும். 1975 முதல் ஆட்டத்தில் இங்கிலாந்து 334 அடிக்க, கவாஸ்கர் 60 ஓவர் நின்று 36 ரன் எடுத்தார் என்பதை என் தலைமுறை மறக்காது. 1979-ல் அப்போது டெஸ்ட் அந்தஸ்துகூடப் பெறாத இலங்கையிடம் 47 ரன்னில் தோல்வி. அதே கோடையில் ஓவல் டெஸ்டில் கவாஸ்கர் 221 அடித்து, 438 என்ற இலக்குக்கு 429 வரை போய் டிரா ஆனது. ஊர் திரும்பும் விமானத்தில் பைலட் மைக்கில் அறிவித்தாராம், அடுத்த கேப்டன் கவாஸ்கர் என்று. அதே விமானத்தில் உட்கார்ந்திருந்த வெங்கட்டுக்குப் பதவி போனது அப்படித்தான் தெரிந்தது என்பது கிரிக்கெட்காரர்கள் இன்றும் சொல்லும் கதை.

இந்தப் புண்களையெல்லாம் நான் அடுக்குவது பரிதாபத்துக்காக இல்லை. தமிழ்நாட்டு அணிக்கு அவர் என்ன என்பது எங்களுக்குத் தெரியும். ரஞ்சிக் கோப்பையில் 530 விக்கெட். அதில் அவரைத் தாண்டியவர் ஹரியானாவின் ராஜிந்தர் கோயல் மட்டும். முதல்தர ஆட்டங்கள் எல்லாம் சேர்த்து 1,390 விக்கெட். 1983-ல் ஜலந்தரில் பாகிஸ்தானுக்கு எதிராகக் கடைசி டெஸ்ட் ஆடும்போது வயது 38. கேப்டனாக அவர் கறாரானவர். கேட்ச் விட்ட பையனை மைதானத்தின் நடுவிலேயே கிழித்துவிடுவார் என்று பெயர். சுற்றியிருப்பவர்களின் பாராட்டில் பிழைக்கப் பழகாத மனிதர். அந்தக் குணம் ஒரு கேப்டனுக்கு எவ்வளவு உதவியது என்று தெரியாது. அம்பயருக்கு வேண்டிய முதல் குணம் அது.

இங்கே டெர்பிஷைரைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். 1973 முதல் 1975 வரை மூன்று கோடைகாலம் வெங்கட் அந்த இங்கிலாந்து கவுண்டிக்குச் சம்பளத்துக்கு ஆடினார். கோவைக்காரர்களுக்கு டெர்பிஷைர் ஒருவகையில் சொந்த ஊர். தண்ணீர் சக்தியில் ஓடும் முதல் பஞ்சு நூற்பு மில்லை ரிச்சர்ட் ஆர்க்ரைட் 1771-ல் கட்டிய குரோம்ஃபோர்டு அங்கேதான் இருக்கிறது. 1888-ல் இராபர்ட் ஸ்டேன்ஸ் கோவையில் முதல் மில்லைத் தொடங்கியதிலிருந்து, பைக்காரா மின்சாரம் வந்தபின் பீளமேட்டிலும் சிங்காநல்லூரிலும் சங்குச் சத்தம் பெருகியது வரை எல்லாவற்றுக்கும் மூலம் அந்தக் குரோம்ஃபோர்டு.

இங்கிலாந்தில் கிரிக்கெட்டும் மில்லைப் போலத்தான் முதலாளி, தொழிலாளி என்று பிரிந்து கிடந்தது. காசு வாங்காமல் ஆடும் கனவான் ஒரு சாதி, கூலிக்கு ஆடும் புரொஃபஷனல் இன்னொரு சாதி. உடை மாற்றும் அறை வேறு, மைதானத்துக்குள் வரும் வாசலே வேறு. ஸ்கோர் அட்டையில் கனவானுக்கு இனிஷியல் முன்னால் வரும், கூலிக்காரருக்குப் பின்னால். 1950-ல் லார்ட்ஸ் மைதானத்தில் ஒலிபெருக்கியில் ஒரு திருத்தம் அறிவித்தார்கள்: அட்டையில் 'எஃப்.ஜே. டிட்மஸ்' என்று இருப்பதை 'டிட்மஸ் எஃப்.ஜே.' என்று படித்துக்கொள்ளவும். பிரெட் டிட்மஸ் புரொஃபஷனல். அவரும் ஆஃப் ஸ்பின்னர்தான், பாவம். இனிஷியலை முன்னால் போட்டுக்கொள்ளும் நம்மூர்ப் பழக்கத்தை அங்கே கொண்டு போயிருந்தால் முனியப்பனும் மாரப்பனும் பிறவிக் கனவான்கள். இந்தப் பாகுபாட்டை அவர்கள் ஒழித்தது 1962-ன் கடைசியில்தான்.

அந்தக் கூலி ஆட்டக்காரர்களுக்கு முப்பத்தைந்து, நாற்பது வயதில் உடம்பு தளர்ந்ததும் என்ன வழி? சிலர் மதுக்கடை வைத்தார்கள், சிலர் பள்ளியில் கோச் ஆனார்கள், சிலர் வெள்ளைக் கோட் மாட்டிக்கொண்டு அம்பயர் ஆனார்கள். அவர்களில் தலையாயவர் பிராங்க் செஸ்டர். வூஸ்டர்ஷைருக்கு 17 வயதிலேயே சதம் அடித்தவர், முதல் உலகப் போரில் சலோனிகாவில் வலது கையை இழந்தார். 1922-ல் அம்பயராக வந்தபோது வயது 26-தான். 1924 முதல் 1955 வரை 48 டெஸ்டில் நின்றார். ஸ்டம்ப்புக்கு மேல் குனிந்து, ஒட்டிப் பார்த்துத் தீர்ப்புச் சொல்லும் முறையை மரியாதைக்குரிய ஒரு கலையாக்கியது அவர்தான் என்பார்கள். பின்னால் டிக்கி பேர்டும் டேவிட் ஷெப்பர்டும் வந்தது அதே பாதையில், கவுண்டியில் கூலிக்கு ஆடி முடித்துவிட்டு.

நம் ஊரில் இந்தப் பாதை கிடையாது. நம் நட்சத்திரங்கள் ஓய்வு பெற்றால் வர்ணனை, தேர்வுக்குழு, கோச், சங்கப் பதவி. அம்பயர்கள் என்னைப்போல உத்தியோகம் ஒன்று வைத்துக்கொண்டு வந்தவர்கள். நல்லவர்கள் இருந்தார்கள். மைசூரின் எம்.ஜி. விஜயசாரதி முதல்தர கிரிக்கெட் ஆடியவர், 1950-களில் டெஸ்ட் அம்பயர். அவர் மகன் எம்.வி. நாகேந்திராவும் டெஸ்ட் அம்பயர் ஆனார். அப்பாவும் மகனும் ஒரே ரஞ்சி ஆட்டத்தில் இரண்டு முனையிலும் நின்றிருக்கிறார்கள். அந்த இரவு வீட்டில் சாப்பாட்டு நேரம் எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பார்த்திருக்கிறேன். 1986-ல் லாகூரில் பாகிஸ்தானும் வெஸ்ட் இண்டீஸும் ஆடிய டெஸ்டுக்கு, நம் வி.கே. ராமசாமியும் பிலூ ரிப்போர்ட்டரும் பொது அம்பயர்களாகப் போனார்கள். அது வரலாறு. ஆனால் 57 டெஸ்ட் ஆடி, இந்தியக் கேப்டனாகவும் இருந்த ஒருவர் 47 வயதில் கோட் மாட்டிக்கொண்டு வருவது யாரும் எதிர்பார்க்காதது.

1993 ஜனவரியில் ஜெய்ப்பூரில் இந்தியாவும் இங்கிலாந்தும் ஆடிய ஒருநாள் ஆட்டம் அவருடைய முதல் சர்வதேச ஆட்டம். அந்த மாதக் கடைசியிலேயே கல்கத்தா ஈடன் கார்டனில் முதல் டெஸ்ட். காலத்தைக் கவனியுங்கள். இரண்டு மாதத்துக்கு முன்னால்தான், 1992 நவம்பரில் டர்பனில், டெண்டுல்கர் டிவி ரீப்ளே பார்த்து ரன் அவுட் கொடுக்கப்பட்ட முதல் ஆட்டக்காரர் ஆனார். அதுவரை தீர்ப்புக்கு அம்பயரின் கண் மட்டும்தான் சாட்சி. இனி வீட்டில் முறுக்கு தின்றுகொண்டிருப்பவர்கூட நாலு கோணத்தில், மெதுவாக, மூன்று தடவை பார்த்துவிட்டு "குருட்டு அம்பயர்" என்று சொல்லலாம். வெங்கட் வேலைக்குச் சேர்ந்தது சரியாக அந்த வாசலில். டிவி எல்லாவற்றையும் காட்டத் தொடங்கிவிட்டது, எல்.பி. தீர்ப்பை ரீப்ளே கேட்டு மாற்றும் உரிமையோ இன்னும் யாருக்கும் வரவில்லை. அம்பயர்களுக்கு அதைவிடக் கொடுமையான பத்து வருஷம் முன்னும் இல்லை, பின்னும் இல்லை.

எல்.பி. என்றால் என்ன என்று கிரிக்கெட் தெரியாத வாசகர்களுக்குச் சொல்லிவிடுகிறேன். பந்து பேட்டில் படாமல் காலில் பட்டால், கால் இல்லாவிட்டால் அது ஸ்டம்ப்பைச் சாய்த்திருக்குமா என்று அம்பயர் சொல்ல வேண்டும். முதலில் பந்து எங்கே குத்தியது என்று பார்ப்பேன்; லெக் ஸ்டம்ப்புக்கு வெளியே குத்தியிருந்தால் பேச்சே இல்லை, நாட் அவுட். அடுத்தது, காலில் எங்கே பட்டது. ஸ்டம்ப்புகளுக்கு நேராகப் பட்டிருக்க வேண்டும், ஆஃப் பக்கம் வெளியே பட்டால் ஆட்டக்காரர் அடிக்கவே முயலாமல் காலை மட்டும் நீட்டியிருக்க வேண்டும். அப்புறம்தான் கடினமானது: பந்து தொடர்ந்து போயிருந்தால் ஸ்டம்ப்பில் பட்டிருக்குமா? வேகப்பந்து என்றால் கையை விட்டு ஆட்டக்காரரை அடைய அரை விநாடிகூட ஆகாது. ஸ்பின் மெதுவாக வரும், ஆனால் திரும்பும், எழும்பும். நடக்காத ஒன்றை நடந்ததுபோலச் சொல்ல வேண்டும், அதுவும் பதினோரு பேர் உங்கள் முகத்துக்கு நேரே கத்திக்கொண்டிருக்கும்போது. மில்லில் பஞ்சு தரம் பார்ப்பவர் ஒரு கொத்தைப் பிய்த்து, இரண்டு விரலுக்கிடையே இழுத்துப் பார்த்து இழை நீளத்தைச் சொல்லிவிடுவார். எப்படி என்று கேட்டால் அவருக்கே சொல்லத் தெரியாது, ஆயிரம் பொதி பார்த்த விரல் அது. எல்.பி.யும் அப்படித்தான்.

இதில் ஆஃப் ஸ்பின்னருக்குத் தனிக் கணக்கு உண்டு. 1935-ல் சோதனையாக வந்து 1937-ல் சட்டமான திருத்தத்துக்கு முன், ஆஃப் ஸ்டம்ப்புக்கு வெளியே குத்திய பந்துக்கு எல்.பி. கிடையாது. அந்தச் சட்டம் மாறியதால்தான் வெளியே குத்தி உள்ளே திருப்புகிறவர்களுக்கு எல்.பி. ஒரு ஆயுதமானது. ஆனால் உள்ளே திரும்பும் பந்து பல நேரம் திரும்பிக்கொண்டே போய் லெக் ஸ்டம்ப்பையும் தாண்டிவிடும். பந்து போட்டவனுக்கு அது ஒருநாளும் தெரியாது. அவன் கண்ணுக்கு எல்லாமே நடு ஸ்டம்ப். வெங்கட் இருபது வருஷம் அப்படித்தான் திரும்பி நின்று, இரண்டு கையையும் விரித்து, தொண்டை கிழியக் கேட்டிருப்பார். அந்தக் கத்தலில் எவ்வளவு நம்பிக்கை, எவ்வளவு நடிப்பு என்று உள்ளிருந்து தெரிந்தவர். அவரிடம் போய் ஒரு பையன் இல்லாததை இருப்பதாகக் கேட்டால் நடக்குமா? அசையாமல் நிற்பார். முகத்தில் ஒன்றும் இருக்காது. பந்து வீசியவர் திரும்பி நடப்பார், ஆட்டம் தொடரும்.

1994-லிருந்து ஒவ்வொரு டெஸ்டிலும் ஒரு அம்பயர் வெளிநாட்டவராக இருக்க வேண்டும் என்று விதி வந்தது. உள்ளூர் அம்பயர் உள்ளூர் அணிக்குச் சாய்கிறார் என்ற நூறு வருஷப் புகாருக்கு அது மருந்து. அதனால் வெங்கட் ஊர் ஊராகப் போனார். இங்கிலாந்தும் ஆஸ்திரேலியாவும் மோதும் ஆஷஸ் தொடரில் நின்றார். தங்கள் சண்டைக்கு மத்தியஸ்தம் பண்ண சென்னைக்காரர் ஒருவரை அவர்கள் ஏற்றுக்கொண்டதை, 1950-ல் டிட்மஸ் இனிஷியலைத் திருத்திய அந்த ஒலிபெருக்கிக்காரர் கேட்டிருக்க வேண்டும். 1996, 1999, 2003 என மூன்று உலகக் கோப்பைகளிலும் நின்றார்.

1999 ஜூன் 17. எட்ஜ்பாஸ்டன். நான்கு ஸ்பின்னர்களும் ஒரே ஒரு தடவை சேர்ந்து ஆடினார்களே, அதே மைதானம். உலகக் கோப்பை அரையிறுதி, ஆஸ்திரேலியா 213, தென்னாப்பிரிக்காவும் 213. கடைசி ஜோடி குளுஸ்னரும் டொனால்டும், நாலு பந்தில் ஒரு ரன் வேண்டும், குழப்பம், பேட்டைக் கீழே போட்டுவிட்டு டொனால்டு ஓடிய ஓட்டம், ரன் அவுட், டை. ஒருநாள் கிரிக்கெட்டின் மிகச் சிறந்த ஆட்டம் என்று பலர் சொல்லும் ஆட்டம் அது. அதில் நின்ற அம்பயர்கள் ஷெப்பர்டும் வெங்கட்ராகவனும். நூறு பேரைக் கேட்டிருக்கிறேன், டொனால்டைச் சொல்வார்கள், குளுஸ்னரைச் சொல்வார்கள், அம்பயர் யார் என்று யாருக்கும் ஞாபகம் இல்லை. எங்கள் தொழிலில் இதற்கு மேல் நற்சான்றிதழ் கிடையாது.

2003-ல் பத்மஸ்ரீ. 2004-ல் கோட்டைக் கழற்றினார். 73 டெஸ்ட், 52 ஒருநாள் ஆட்டம். டெஸ்ட் எண்ணிக்கையில் அவரை எந்த இந்திய அம்பயரும் இன்னும் தொடவில்லை. அவர் போனபின் எலைட் பேனலில் ஒரு இந்தியர்கூட இல்லாமல் பதினோரு வருஷம் ஓடியது. 2015-ல்தான் எஸ். ரவி வந்தார், அவரும் சென்னைக்காரர். 2020-ல் நிதின் மேனன். உலக கிரிக்கெட்டின் காசில் பெரும்பங்கைச் சம்பாதிக்கிற நாட்டுக்கு இது கௌரவமான கணக்கு இல்லை. ஆட்டக்காரரை உருவாக்கக் கொட்டுகிற பணத்தில் கால்வாசி அம்பயருக்குப் போயிருந்தால் கதை வேறு.

எங்கள் கொங்குப் பக்கம் அம்பயரின் அருமை என்ன என்று கேட்டால் சேலம் சின்னப்பம்பட்டி நடராஜனைச் சொல்வேன். எல்லோரும் யார்க்கரைப் பேசுவார்கள். 2015 ஜனவரியில் ரஞ்சியில் அவர் முதல் ஆட்டம் ஆடியதும், பந்து வீசும்போது கை மடங்கி நிமிர்கிறது என்று அம்பயர்களிடமிருந்து புகார் போனது. பையனின் வாழ்க்கை முடிந்தது என்றுதான் ஊரில் பேசினார்கள். அவர் ஆக்ஷனை அடியிலிருந்து மாற்றிக்கொண்டு வந்தார். 2021 ஜனவரியில் பிரிஸ்பேனில் டெஸ்ட் ஆடியது அந்த மாற்றிய கையோடு. பெரிய மைதானத்தில், பெரிய கேமரா முன்னால் மாட்டியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? முதலிலேயே சொன்னது நல்லதாகப் போயிற்று. சொன்னவர்களுக்கு அன்றைக்கு எத்தனை வசவு விழுந்திருக்கும் என்பது எனக்குத் தெரியும்.

இன்னொன்று எங்கள் எஸ்.என்.ஆர். கல்லூரி மைதானத்திலேயே நடந்தது. 2022 செப்டம்பர், துலீப் கோப்பை இறுதி ஆட்டம், மேற்கு மண்டலமும் தெற்கு மண்டலமும். ஐந்தாம் நாள், தெற்கின் ரவி தேஜா ஆடும்போது யஷஸ்வி ஜெய்ஸ்வால் பக்கத்தில் நின்று வாயை மூடவில்லை. அம்பயர்கள் எச்சரித்தார்கள். மறுபடியும் பேச்சு. கேப்டன் ரஹானே ஜெய்ஸ்வாலைக் கூப்பிட்டு, "வெளியே போ" என்று அனுப்பிவிட்டார். அந்த ஆட்டத்தில் 265 அடித்த பையனை! கொஞ்ச நேரம் பத்துப் பேரோடு ஆடினார்கள். 294 ரன்னில் ஜெயித்தும் விட்டார்கள். பேப்பரெல்லாம் ரஹானேயைப் புகழ்ந்தது, நியாயம்தான். கத்தாமல், விரலை ஆட்டாமல், கேப்டனிடம் இரண்டு தடவை சொல்லி வேலையை முடித்த அம்பயர்களை நான் மனதுக்குள் பாராட்டினேன்.

எங்கள் மாவட்ட ஆட்டங்களில் இவ்வளவு நாகரிகம் எதிர்பார்க்கக் கூடாது. நான் தொடங்கிய காலத்தில் செம்மண் தரையில் தேங்காய்நார் மேட்டை விரித்து, நாலு பக்கமும் ஆணி அடித்து ஆடுவார்கள். ஓவர் எண்ண என் பாக்கெட்டில் ஆறு புளியங்கொட்டை; ஒவ்வொரு பந்துக்கும் ஒன்று இடது பாக்கெட்டிலிருந்து வலது பாக்கெட்டுக்குப் போகும். இப்போது பத்து விரலுக்கும் வேலை வைக்கிற கிளிக்கர் வந்துவிட்டது. புல் தரை வந்துவிட்டது, மயிலும் வந்துவிட்டது. மிட் விக்கெட்டில் தோகையோடு நடந்து போனால் டெட் பால் சொல்ல வேண்டியிருக்கிறது. ஒண்டிப்புதூரில் திறந்தவெளிச் சிறை நிலத்தில் சர்வதேச ஸ்டேடியம் வரும் என்று 2024-லிருந்து பேசுகிறார்கள். வந்தால் நல்லது.

வெங்கட் திறந்த பாதையில் இப்போது சில பேர் நடக்கிறார்கள். சென்னையின் ஜனனி நாராயணன் கம்ப்யூட்டர் வேலையை விட்டுவிட்டு அம்பயராக வந்து, 2023 ஜனவரியில் ரஞ்சி ஆட்டத்தில் நின்ற முதல் பெண்களில் ஒருவர் ஆனார். ஐ.பி.எல். ஆடிய தன்மய் ஸ்ரீவஸ்தவா 2025-ல் அதே ஐ.பி.எல்.லில் அம்பயராக வந்தார். ஆடி முடித்த முப்பத்தைந்து வயதுக்காரர்களுக்கு இது ஒரு வழி என்று இந்திய வாரியத்துக்கும் இப்போதுதான் தோன்றியிருக்கிறது.

எங்களுக்கு ஆள் பற்றாக்குறை இருக்கிறது. ஆடத் தெரிந்திருந்தால் நல்லது, கட்டாயமில்லை. மாநிலச் சங்கம் தேர்வு வைக்கும். சட்டப் புத்தகத்தைப் படித்து எழுத வேண்டும், வாய்மொழிக் கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டும். கண் நன்றாகத் தெரிய வேண்டும், காது அதைவிட நன்றாக. எட்ஜ் பட்டதா என்று முதலில் சொல்வது காதுதான். காலை ஏழு மணிக்கு மைதானத்தில் இருக்க வேண்டும். மதியம் சாப்பாடு உண்டு, பெரும்பாலும் தக்காளி சாதம். தொகை எவ்வளவு என்று மட்டும் முதல் நாளே கேட்காதீங்க.